ஹாங்க் வில்லியம்ஸின் வலி இருக்கிறது, பாட்டு எங்கே? ‘ஐ சா த லைட்’: ஒரு நிகழ்வு ஆய்வு

1953 புத்தாண்டு நாளில், 29 வயதில், காரின் பின்னிருக்கையிலேயே உயிர் பிரிந்து கிடந்தவர் ஹாங்க் வில்லியம்ஸ். அவர் இசைத்தட்டுக்குப் பாடிய காலம் மொத்தமே ஆறு ஆண்டு. அந்த ஆறு ஆண்டில் பாடியவற்றை வைத்துத்தான் அமெரிக்காவின் கிராமிய இசையான கண்ட்ரி இசை இன்றுவரை தன் பாடகர்களை அளந்துகொண்டிருக்கிறது. 1961-ல் கண்ட்ரி இசைக்கென்று ஹால் ஆஃப் ஃபேம் என்ற புகழ் மண்டபம் தொடங்கியபோது முதலில் சேர்த்த மூன்று பேரில் அவர் ஒருவர். 2010-ல் புலிட்சர் குழு அவருக்குச் சிறப்பு விருது கொடுத்தது.

இப்படிப்பட்ட ஒருவரின் வாழ்க்கையை ‘ஐ சா த லைட்’ என்ற படமாக மார்க் ஆப்ரஹாம் எழுதி இயக்கினார். ஹாங்க்காக டாம் ஹிடில்ஸ்டன், மனைவி ஆட்ரியாக எலிசபெத் ஓல்சன். ஒளிப்பதிவு டான்டே ஸ்பினோட்டி. ஆதாரம், காலின் எஸ்காட் மற்றவர்களோடு சேர்ந்து எழுதிய, ஹாங்க் பற்றிய புத்தகங்களில் மிக நம்பகமானது என்று பெயர் பெற்ற வாழ்க்கை வரலாறு. படம் 2015 செப்டம்பரில் டொரன்டோ விழாவில் திரையிடப்பட்டது. நவம்பர் கடைசியில் வர வேண்டியது. விருதுக் காலத்தைக் குறிவைத்த அந்தத் தேதியை விட்டுவிட்டு 2016 மார்ச் 25-க்குத் தள்ளினார்கள். சுமார் 1.3 கோடி டாலர் செலவு. உலகம் முழுக்க வசூல் 20 லட்சம் டாலரைக்கூடத் தொடவில்லை. விமர்சனங்களைத் தொகுக்கும் ராட்டன் டொமேட்டோஸ் தளத்தின் கணக்கில் ஐந்து விமர்சகர்களில் ஒருவர்தான் படத்தின் பக்கம் நின்றார்.

நல்ல நடிகர்கள், நல்ல ஒளிப்பதிவு, கையில் உலகம் அறிந்த பாடல்கள், எழுதித் தீராத அளவு துயரம் நிறைந்த வாழ்க்கை. இத்தனையும் இருந்து ஒரு படம் எப்படி விழுகிறது? கண்ட்ரி இசையை நேசிக்கிறவன் என்ற முறையில் இந்தக் கேள்வியை நான் சும்மா விட முடியவில்லை. இசைக்கலைஞர்களைப் பற்றிப் படம் எடுக்கிற எல்லோரும் வந்து மாட்டிக்கொள்கிற ஒரு பள்ளம் இங்கே தெளிவாகத் தெரிகிறது.

கையில் இருந்த சரக்கு

படத்தைப் பேசுமுன் அந்த வாழ்க்கையைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

1923 செப்டம்பர் 17, அலபாமா மாநிலம், மவுன்ட் ஆலிவ் என்ற சிற்றூர். பிறக்கும்போதே முதுகெலும்பில் கோளாறு. ஸ்பைனா பைஃபிடா ஆக்கல்டா என்பார்கள். தண்டுவடத்தைச் சுற்றி எலும்பு முழுதாக மூடாமல் போகிற பிறவிக் குறை. வெளியே பார்த்தால் ஒன்றும் தெரியாது, உள்ளே வலி வாழ்நாள் முழுக்கக் கூடவே வரும். அப்பா லான், முதல் உலகப் போரில் போய் வந்தவர். ஹாங்குக்கு ஆறேழு வயதாக இருக்கும்போது முன்னாள் ராணுவத்தினர் மருத்துவமனையில் சேர்ந்தார், வருடக்கணக்கில் திரும்பி வரவில்லை. அம்மா லில்லி வாடகைக்கு அறை விட்டு, தங்குகிறவர்களுக்குச் சோறு போட்டுப் பிள்ளைகளை வளர்த்தார். பின்னாளில் மகனின் வாத்தியக் குழுவை ஊர் ஊராகக் கூட்டிப்போய், வாசலில் நின்று காசு வசூலித்தவரும் அவர்தான்.

ஜார்ஜியானா, கிரீன்வில் ஊர்களின் தெருக்களில் கிட்டார் வாசித்துப் பிழைத்துக்கொண்டிருந்தார் ரூஃபஸ் பெய்ன் என்ற கறுப்பின இசைக்கலைஞர். ஊரார் வைத்த பெயர் டீ டாட். சிறுவன் ஹாங்க் அவர் பின்னாலேயே சுற்றினான். தனக்குக் கிடைத்த இசைப் பயிற்சி முழுவதும் அவரிடமிருந்து வந்ததுதான் என்று ஹாங்க் பெயர் வாங்கிய பிறகு பத்திரிகைக்குச் சொல்லியிருக்கிறார். வெள்ளையரும் கறுப்பரும் ஒரே குழாயில் தண்ணீர் குடிக்கக் கூடாது என்றிருந்த 1930களின் அலபாமா அது. அங்கே ஒரு வெள்ளைக்காரப் பையன் கறுப்பின மக்களின் இசையான ப்ளூஸ் கற்றுக்கொண்டது ஒரு கறுப்புத் தெருப்பாடகரிடம். கிட்டாரின் தாளத்தை எங்கே இறுக்குவது, கூட்டத்தை எப்படி நிறுத்திவைப்பது என்பதெல்லாம் அங்கிருந்து வந்தவை. டீ டாட் 1939-ல் மாண்ட்கோமரியில் இறந்தார், பிழைக்க வழியில்லாதவராக. புதைத்த இடத்தில் பெயர் பொறித்த கல்கூட வைக்கப்படவில்லை.

பதின்ம வயதிலேயே ஹாங்க் மாண்ட்கோமரியின் டபிள்யூஎஸ்எஃப்ஏ வானொலியில் பாட ஆரம்பித்துவிட்டார். கூடவே குடி. 1942-ல் அதே நிலையம் ஓயாத குடிக்காக அவரை வெளியே அனுப்பியது. 1944 டிசம்பரில் ஆண்டலூசியாவில் ஒரு டெக்சாகோ பெட்ரோல் பங்க்கில் ஆட்ரியோடு கல்யாணம். ஆட்ரியின் முந்தைய விவாகரத்து முடிந்து பத்து நாள்தான் ஆகியிருந்தது. அலபாமா சட்டம் கேட்ட அறுபது நாள் காத்திருப்பைக்கூட இருவரும் பொறுக்கவில்லை.

1946-ல் நாஷ்வில்லில் ஃப்ரெட் ரோஸ் என்ற பாடலாசிரியரைச் சந்தித்தார்கள். இந்த மனிதரைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும், பிறகு வருகிறேன். 1948-ல் ஷ்ரீவ்போர்ட் நகரின் லூசியானா ஹேரைட் வானொலி மேடை. அந்த டிசம்பரில் சின்சினாட்டியில் ‘லவ்சிக் ப்ளூஸ்’ ஒலிப்பதிவு. 1922-ல் நாடக மேடைக்காக எழுதப்பட்ட பழைய பாட்டு அது, ஹாங்க் எழுதியதல்ல. ஃப்ரெட் ரோஸுக்கு அதைச் சுத்தமாகப் பிடிக்கவில்லை. ஹாங்க் பிடிவாதமாகப் பாடினார். 1949-ல் பதினாறு வாரம் முதலிடம். அந்த ஜூன் 11-ல், கண்ட்ரி பாடகர்களின் கோயில் என்று சொல்லத்தக்க கிராண்ட் ஓல் ஆப்ரி மேடையில், நாஷ்வில்லின் ரைமன் அரங்கில், மக்கள் அவரைத் திரும்பத் திரும்ப அழைத்துப் பாட வைத்தார்கள்.

ஏறியதைவிட வேகமாக இறக்கம். 1951 டிசம்பரில் முதுகு அறுவை சிகிச்சை. வலி தீரவில்லை, வலி மருந்துதான் கூடியது. 1952-ல் விவாகரத்து. ஆகஸ்டில் ஆப்ரியிலிருந்து நீக்கம். அக்டோபரில் பில்லி ஜீனோடு இரண்டாம் கல்யாணம். நியூ ஆர்லியன்ஸ் நகர அரங்கில் டிக்கெட் வாங்கி வந்த பல்லாயிரம் பேர் முன்னால் தாலி கட்டாத குறையாக அந்தச் சடங்கை மறுபடி நடத்திக் காட்டினார்கள். அதே நேரத்தில் பாபி ஜெட் என்ற இன்னொரு பெண் அவர் குழந்தையைச் சுமந்துகொண்டிருந்தார். அருகில் டாக்டர் என்று சொல்லிக்கொண்டு குளோரல் ஹைட்ரேட் எழுதிக்கொடுக்க டோபி மார்ஷல் என்ற போலி மருத்துவர். மோசடி வழக்கில் சிறை போய் வந்த ஆள்.

1952 டிசம்பர் 31-ல் மேற்கு வர்ஜீனியாவின் சார்ல்ஸ்டனிலும் மறுநாள் ஒஹாயோவின் காண்டனிலும் கச்சேரி ஏற்பாடாகியிருந்தது. மோசமான வானிலை, விமானம் பாதியில் திரும்பிவிட்டது. நாக்ஸ்வில்லில் ஒரு ஓட்டலில் டாக்டர் வந்து வைட்டமினோடு மார்ஃபின் ஊசி போட்டார். கார் ஓட்டியவர் ஒரு கல்லூரி மாணவர். நீல நிற கேடிலாக்கின் பின்னிருக்கையில் ஹாங்க் படுத்துக்கொண்டார். மேற்கு வர்ஜீனியாவின் ஓக் ஹில் வந்தபோது உடல் சில்லிட்டிருந்தது. இதயம் நின்றதுதான் காரணம் என்றது பிரேதப் பரிசோதனை. ஐந்து நாள் கழித்து பாபி ஜெட்டுக்கு மகள் பிறந்தாள்.

எங்கே தொடங்குவது என்ற முடிவு

ஆப்ரஹாம் 1944 பெட்ரோல் பங்க் கல்யாணத்தில் கதையைத் தொடங்குகிறார். அதற்கு முன், ஒரு பீடிகை: இருட்டில் ஒற்றை வெளிச்சம், ஸ்டூலில் உட்கார்ந்து வாத்தியமில்லாமல் ஹிடில்ஸ்டன் ‘கோல்ட், கோல்ட் ஹார்ட்’ பாடுகிறார். காமிரா அவரைச் சுற்றி மெல்ல நகர்கிறது. அழகான தொடக்கம், ஒப்புக்கொள்கிறேன்.

பிறப்பிலிருந்து சாவுவரை வரிசையாகச் சொல்லாமல் எட்டு ஆண்டை மட்டும் எடுத்துக்கொண்டதில் தவறில்லை. இரண்டு மணி நேரத்தில் முழு வாழ்க்கையையும் ஓட்டிக்காட்டுகிற படங்கள் பெரும்பாலும் பள்ளிக்கூட நாடகம் போலத்தான் ஆகின்றன. ஆனால் 1944-ல் தொடங்கும்போது வெட்டுப்பட்டுப் போவது எது என்று பாருங்கள். மருத்துவமனைக்குப் போன அப்பா இல்லை. வீட்டில் அறை வாடகைக்கு விட்டுக் கணக்குப் பார்க்கும் அம்மாவின் பழைய நாட்கள் இல்லை. எல்லாவற்றுக்கும் மேலாக, டீ டாட் திரையில் இல்லை.

இதில் எனக்கு உண்மையிலேயே கோபம் உண்டு. 1964-ல் எம்ஜிஎம் பட நிறுவனம் ஹாங்க் கதையை எடுத்தபோது, எத்தனையோ பூசி மெழுகிய படம் அது, அதில்கூட டீ டாட் இருந்தார். ரெக்ஸ் இங்க்ராம் என்ற மூத்த கறுப்பின நடிகர் அந்த வேடத்தில் நடித்தார். அமெரிக்காவில் நிறப் பாகுபாட்டைத் தடுக்கும் குடிமை உரிமைச் சட்டம் வந்த ஆண்டில் எடுத்த படம் காட்டத் துணிந்த மனிதரை, ஐம்பது ஆண்டு கழித்து வந்த, நேர்மையாகச் சொல்லப்போகிறேன் என்று கிளம்பிய படம் விட்டுவிட்டது. ஹாங்கின் குரலில் இருக்கிற ப்ளூஸ் எங்கிருந்து வந்தது என்று பார்க்கிறவருக்குத் தெரியவே வழியில்லை. குரல் வானத்திலிருந்து விழுந்த மாதிரி ஆகிவிடுகிறது.

முதுகு வலியும் அப்படித்தான். படத்தில் வலி வருகிறது, மருந்து வருகிறது. ஆனால் அது பிறவியோடு வந்தது, வாழ்நாள் முழுக்க அவரோடு கார்களிலும் மேடைகளிலும் கிடந்தது என்ற கனம் நமக்கு ஏறுவதில்லை. 1940களில் ஹாங்க் போன்ற பாடகரின் வேலை என்பது ஐந்து பேரும் ஒரு பெரிய பாஸ் வாத்தியமும் ஒரே காரில் நெருக்கியடித்து இரவெல்லாம் நூற்றுக்கணக்கான மைல் போவது. முதுகெலும்பில் பிறவிக் குறை உள்ளவனுக்கு அந்தப் பின்னிருக்கை என்னவாக இருந்திருக்கும்? அதைப் பத்து நிமிடம் உட்கார வைத்துக் காட்டியிருந்தால், அவர் பாட்டிலை எடுக்கும்போது நாம் முகம் சுளித்திருக்க மாட்டோம். காரணம் தெரியாமல் பார்க்கும்போது அவர் வெறும் குடிகாரக் கணவன். அந்தக் கணவனைப் பல படங்களில் பார்த்துவிட்டோம்.

நடிப்பில் குறை இல்லை

ஹிடில்ஸ்டனைத் தேர்ந்தெடுத்த செய்தி வந்ததுமே எதிர்ப்பு கிளம்பியது. லண்டன்காரர், ஈட்டன் பள்ளியில் படித்தவர், உலகம் அவரை மார்வெல் படங்களின் லோக்கியாக அறியும். ஹாங்கின் பேரனும் பாடகருமான ஹாங்க் வில்லியம்ஸ் மூன்றாமவர், தென் மாநிலத்து அமெரிக்கர் ஒருவர்தான் இதைச் செய்ய வேண்டும் என்று வெளிப்படையாகவே சொன்னார். அந்த ஆதங்கம் எனக்குப் புரிகிறது. தாத்தாவின் குரல் அந்த மண்ணின் குரல்.

ஆனாலும் படத்தைப் பார்த்தபின் என் தீர்ப்பு வேறு. ஹிடில்ஸ்டன் நாஷ்வில்லில் கண்ட்ரி பாடகர் ரோட்னி க்ரோவலின் வீட்டிலேயே தங்கி, நாளெல்லாம் கிட்டாரும் பாட்டுமாகப் பயிற்சி எடுத்தார். 2014-ல் மிச்சிகனில் ஓர் இசை விழா மேடையேறிக் கூட்டத்தின் முன்னாலேயே ஹாங்க் பாடல்களைப் பாடிப் பார்த்தார். படத்தில் வருவது அவருடைய சொந்தக் குரல். ‘லவ்சிக் ப்ளூஸ்’ பாட்டில் நெஞ்சுக் குரல் திடீரென்று முறிந்து மேலே கள்ளக்குரலுக்குத் தாவி அதே மூச்சில் கீழே இறங்க வேண்டும். யோடல் என்பார்கள். கண்ட்ரி பாடகர்களே தடுமாறுகிற இடம். அந்த முறிவை அவர் சரியாகப் பிடித்திருக்கிறார். உடம்பும் அப்படியே: முழங்காலைத் தளர்த்தி, மைக்கின் மேல் சாய்ந்து, தோளால் தாளம் போடுகிற அந்த நிலை பழைய காணொளிகளில் இருக்கும் ஹாங்கேதான். அசலில் இருக்கிற ஒரு கரகரப்பு, ஏழ்மையின் கரகரப்பு, அது வரவில்லை. அது யாருக்கும் வராது.

ஓல்சன் இன்னும் ஒரு படி மேலே. ஆட்ரியை ஹாங்க் ரசிகர்கள் பல தலைமுறையாக வில்லியாகவே வைத்திருந்தார்கள். பாடத் தெரியாமல் பாட ஆசைப்பட்டவள், கணவனை வாட்டியவள் என்று. ஓல்சனின் ஆட்ரிக்கு நியாயமான ஆசை இருக்கிறது, நியாயமான அலுப்பு இருக்கிறது. வீட்டுக்கு வராத கணவனை வைத்துக்கொண்டு குடும்பம் நடத்துகிற பெண்ணின் எரிச்சல் அவர் உதட்டோரத்தில் தெரிகிறது. விமர்சகர்களும் இந்த இருவரைப் பெரிதாகக் குறை சொல்லவில்லை. அவர்கள் அடித்தது திரைக்கதையை.

ஃப்ரெட் ரோஸுக்கு நேர்ந்தது

ஃப்ரெட் ரோஸ் பிறந்தது இந்தியானாவில். சிகாகோவிலும் நியூயார்க்கிலும் நகரத்துப் பாட்டு எழுதியவர், பியானோக்காரர். தானும் குடியில் விழுந்து எழுந்தவர்; கிறிஸ்தவ விஞ்ஞானம் என்ற மதப் பிரிவில் சேர்ந்து குடியை விட்டவர். 1942-ல் பாடகர் ராய் ஏக்கஃபோடு சேர்ந்து நாஷ்வில்லில் ஏக்கஃப்-ரோஸ் பதிப்பகத்தைத் தொடங்கினார். கண்ட்ரி பாடல்களின் உரிமைக்கு முறையான வீடு கிடைத்தது அதற்குப் பிறகுதான்.

ஹாங்க் கொண்டுவருகிற பாட்டில் ரோஸ் கை வைப்பார். ஒரு சொல்லை மாற்றுவார், மெட்டில் இடைப்பகுதியைச் சீராக்குவார், தேவையற்ற சரணத்தை எடுத்துவிடுவார். தன் பெயரைப் போட்டுக்கொண்ட பாட்டு கொஞ்சம், போடாமல் விட்டவை ஏராளம். படிப்பு அதிகமில்லாத, உணர்ச்சி கொப்பளிக்கிற ஓர் இளைஞனும், தொழில் தெரிந்த, குடியை வென்ற நடுவயதுக்காரரும் ஒரு பியானோ முன்னால். ஒருவர் தப்பித்த இடத்தில் மற்றவர் மூழ்கிக்கொண்டிருக்கிறார். 1961-ல் ஹால் ஆஃப் ஃபேமில் முதலில் சேர்ந்த மூவர் யார் தெரியுமா? ஜிம்மி ராட்ஜர்ஸ், ஹாங்க் வில்லியம்ஸ், ஃப்ரெட் ரோஸ். நாஷ்வில் அந்த உறவை எவ்வளவு பெரிதாக மதித்தது என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

படத்தில் ரோஸாக பிராட்லி விட்ஃபோர்ட், திறமையான நடிகர். அவரைப் பெரும்பாலும் என்ன செய்ய வைத்திருக்கிறார்கள் என்றால், கறுப்பு வெள்ளையில், ஆவணப்படப் பேட்டி போல, காமிராவைப் பார்த்து ஹாங்கைப் பற்றிப் பேச வைத்திருக்கிறார்கள். நடந்த சம்பவங்களுக்கு இடையே உள்ள ஓட்டையை அடைக்கிற வேலை. ஒரு நாடகத்தின் இரண்டாம் நாயகனாக இருந்திருக்க வேண்டியவர் அறிவிப்பாளராகிவிட்டார்.

இதன் விளைவுதான் படத்தின் பெரிய ஓட்டை. பாடல்கள் எப்படி உண்டாயின என்பது கிட்டத்தட்ட இல்லை. பாட்டு என்றால் மேடை, மைக், முழுதாக முடிந்த ஒரு பொருள். ஹாங்க் வந்து பாடுகிறார், கைதட்டு, அடுத்த சண்டை.

‘ஐம் சோ லோன்சம் ஐ குட் க்ரை’ பாட்டை எடுத்துக்கொள்வோம். 1949 ஆகஸ்டில் சின்சினாட்டியில் பதிவானது. பல்லவி கிடையாது. நான்கே நான்கு சரணம், மூன்று எண்ணிக்கையில் ஆடுகிற வால்ட்ஸ் தாளம். ஒரு இராப்பறவை, நள்ளிரவு ரயில், மேகத்தில் மறையும் நிலா, இலை உதிரும் காலத்து ராபின் குருவி, விழும் நட்சத்திரம். தன் துக்கத்துக்குக் காரணம் என்ன என்று பாடுகிறவன் கடைசிவரை சொல்வதில்லை. சுற்றியிருப்பவை எல்லாம் அவனுக்காக அழுகின்றன. இதைப் பேச்சாக வாசிக்கலாமா, பாட்டாகப் பாடலாமா என்ற தயக்கம்கூட முதலில் இருந்ததாகச் சொல்வார்கள். லூக் த ட்ரிஃப்டர் என்ற வேறு பெயரில் அவர் வசனக் கவிதைகள் பதியத் தொடங்கியது 1950 ஜனவரியில்தான். கடைசியில் ஒரு வேடிக்கைப் பாட்டுத் தட்டின் மறுபக்கத்தில் வெளியிட்டார்கள். அமெரிக்க மொழியில் எழுதப்பட்ட மிகத் தனிமையான பாட்டு ஒரு தட்டின் பின்பக்கத்தில் கிடந்தது! இந்தத் தயக்கத்திலும் பேரத்திலும் எவ்வளவு நாடகம் இருக்கிறது.

அல்லது 1952 கோடை. நாஷ்வில்லிலிருந்து ஷ்ரீவ்போர்ட் போகிற காரில் ஹாங்க் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பில்லி ஜீனிடம் முதல் மனைவி ஆட்ரியைப் பற்றிப் பேசிக்கொண்டே வருகிறார். பேச்சு வரியாகிறது. எழுதிக்கொள் என்கிறார். கட்டிக்கொள்ளப் போகிற பெண் விட்டுப்போன பெண்ணைப் பற்றிய வரிகளைத் தன் கையால் எழுதுகிறாள். ‘யுவர் சீட்டின் ஹார்ட்’ அப்படிப் பிறந்தது என்று பில்லி ஜீன் பின்னர் சொன்னார். செப்டம்பர் 23-ல் ஒலிப்பதிவு. அதுவே அவருடைய கடைசி ஒலிப்பதிவு நாள். தட்டு வெளிவந்தபோது அவர் உயிரோடு இல்லை. மூன்று பேரின் வாழ்க்கை ஒரே காரில், ஒரே காகிதத்தில். எந்தத் திரைக்கதை ஆசிரியரும் இதைக் கற்பனையாக எழுதினால் மிகை என்று அடித்துவிடுவார்கள்.

இதற்கு மாறாக, படத்தில் நியூயார்க் நிருபர் ஒருவரிடம் ஹாங்க் தன் பாட்டு என்ன செய்கிறது என்று விளக்கம் சொல்கிறார். எல்லோருக்குள்ளும் இருட்டு உண்டு, கோபமும் அவமானமும் துக்கமும் உண்டு, அதை நான் அவர்களுக்குக் காட்டுகிறேன், அதனால் அவர்கள் அதை வீட்டுக்குச் சுமந்து போக வேண்டியதில்லை என்கிற மாதிரி ஒரு பேச்சு. நல்ல வசனம், ஹிடில்ஸ்டன் கண்ணை நிலைநிறுத்தி அருமையாகச் சொல்கிறார். ஆனால் கேட்டு முடித்ததும் எனக்குத் தோன்றியது, இதை ஏன் வாயால் சொல்கிறீர்கள், காட்டுங்கள் என்பதுதான். பருத்திக்காட்டிலும் கப்பல் பட்டறையிலும் வேலை செய்துவிட்டு சனிக்கிழமை வானொலி முன்னால் உட்காருகிற ஒருவரின் முகம் போதுமே.

மற்றவர்கள் செய்தது

இந்தப் பள்ளத்தைத் தாண்டிய படங்கள் இருக்கின்றன. கண்ட்ரி பாடகர் ஜானி கேஷ் பற்றி ஜேம்ஸ் மான்கோல்ட் 2005-ல் எடுத்த ‘வாக் த லைன்’. கேஷின் வாழ்க்கையும் மாத்திரையும் மதுவும் முறிந்த கல்யாணமும்தான். ஆனால் நினைவில் நிற்பது மெம்ஃபிஸில் சன் ரெக்கார்ட்ஸ் நிறுவனத்தில் நடக்கும் அந்தச் சோதனைப் பாடல். கேஷ் பக்திப் பாட்டு பாட, நிறுவன உரிமையாளர் சாம் ஃபிலிப்ஸ் பாதியில் நிறுத்துகிறார். நம்பிப் பாடுகிற மாதிரி ஒன்றைக் கேட்கிறார். ஜெர்மனியில் விமானப்படையில் இருந்தபோது எழுதிவைத்த சிறைப் பாட்டை கேஷ் தயங்கித் தயங்கி ஆரம்பிக்கிறார். கூட வந்த இருவருக்கும் அந்தப் பாட்டே தெரியாது. ஒவ்வொருவராகச் சேர்ந்துகொள்கிறார்கள். நம் கண் முன்னால் ஒரு பாடகன் உருவாகிறான். உண்மையில் நடந்ததற்கு மேல் நாடகமாக்கிய காட்சிதான். ஆனால் அதற்குப் பிறகு கேஷ் எவ்வளவு கெட்டுப்போனாலும் எதை இழக்கிறார் என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது. 2.8 கோடி டாலரில் எடுத்த படம் உலகம் முழுக்க 18 கோடிக்கு மேல் வசூலித்தது. ஜூன் கார்ட்டராக நடித்த ரீஸ் விதர்ஸ்பூனுக்கு ஆஸ்கர்.

அதற்கு முன் 1980-ல் கண்ட்ரி பாடகி லொரெட்டா லின் பற்றி மைக்கேல் ஆப்டெட் எடுத்த ‘கோல் மைனர்ஸ் டாட்டர்’. ஆப்டெட்டும் ஆங்கிலேயர்தான், ஆகவே வெளிநாட்டார் இதைத் தொடக் கூடாது என்ற வாதம் அங்கேயே நொறுங்குகிறது. அவர் கென்டக்கியின் நிலக்கரிச் சுரங்கத்து மலைகளை ஆற அமரக் காட்டினார். அப்பா சுரங்கத்திலிருந்து கரி படிந்த முகத்தோடு வருவதும், ஒரே வீட்டில் அத்தனை பிள்ளைகளும் படுப்பதும் நமக்குப் பழகிவிடுகிறது. பிறகு சிசி ஸ்பேசெக் தன் சொந்தக் குரலில் பாட ஆரம்பிக்கும்போது அந்தக் குரலுக்கு ஊர் இருக்கிறது. அவருக்கும் ஆஸ்கர் கிடைத்தது.

ஹாங்க் கதையில் இன்னொரு சிக்கலும் உண்டு: கதை யாருடையது என்ற சண்டை. 1964 படத்தில் ஆட்ரி ஆலோசகர். ஜார்ஜ் ஹாமில்டன் வாயசைக்க, பின்னால் பாடியது ஹாங்கின் மகன், அப்போது பதின்ம வயதுப் பையன். அதனால் அந்தப் படத்தில் பில்லி ஜீனுக்கு இடமே இல்லாமல் போனது. அவர் வழக்குப் போட்டார்; சட்டப்படி விதவை அவர்தான் என்று நீதிமன்றம் பின்னர் ஏற்றது. பாபி ஜெட்டின் மகள் ஜெட் வில்லியம்ஸ் தத்துக் கொடுக்கப்பட்டு, அப்பா யார் என்றே தெரியாமல் வளர்ந்து, 1980களில் வழக்காடித் தன் பங்கைப் பெற்றார். இந்த வகையில் ஆப்ரஹாமைப் பாராட்ட வேண்டும். அவர் யார் பக்கமும் சாயவில்லை. ஆட்ரி, பில்லி ஜீன், பாபி மூவரையும் மனுஷிகளாக நடத்துகிறார். ஆனால் யாரையும் விட்டுவிடக் கூடாது என்ற அந்தக் கவனமே படத்தை ஒரு வருகைப் பதிவேடு மாதிரி ஆக்கிவிடுகிறது. ஆள் வருகிறார், போகிறார், அடுத்தவர் வருகிறார்.

மரணத்தை அவர் கையாண்ட விதமும் நல்லது. பின்னிருக்கையைக் காட்டவில்லை. காண்டன் அரங்கில் காத்திருக்கும் கூட்டத்திடம் அறிவிப்பு வருகிறது. அன்று உண்மையிலேயே சிலர் முதலில் சிரித்தார்கள். ஹாங்க் வராமல் போவதும் அதற்கு ஒரு சாக்கு வருவதும் அவர்களுக்குப் பழக்கம். பிறகுதான் உண்மை என்று உறைத்தது. எல்லோருமாகச் சேர்ந்து ஹாங்கின் பக்திப் பாட்டான ‘ஐ சா த லைட்’ பாடினார்கள். படத்தின் தலைப்புக்கே அர்த்தம் அங்கேதான் கிடைக்கிறது. அந்தக் கூட்டத்தை முதலிலிருந்தே நமக்கு அறிமுகம் செய்திருந்தால் அந்த இடம் நம்மைப் புரட்டிப்போட்டிருக்கும்.

அடுத்து எடுப்பவருக்கு

ஹாங்க் கதையை இன்னொருவர் எடுக்கத்தான் போகிறார். அவர் முதலில் போக வேண்டிய இடம் 1951-ன் மதர்ஸ் பெஸ்ட் ஒலிப்பதிவுகள். அலபாமாவின் ஒரு மாவு கம்பெனி பணம் கொடுத்து நாஷ்வில்லின் டபிள்யூஎஸ்எம் வானொலியில் காலை 7.15-க்கு நடத்திய பதினைந்து நிமிட நிகழ்ச்சி அது. ஹாங்க் ஊரில் இல்லாத நாட்களுக்காக முன்கூட்டியே தட்டில் பதிந்துவைத்தார்கள். எழுபதுக்கு மேற்பட்ட நிகழ்ச்சிகள். நிலையம் பிற்பாடு குப்பையில் எறிந்த அந்தத் தட்டுகளை யாரோ பொறுக்கி எடுத்துக் காப்பாற்றினார்கள். 2008-லிருந்து அவை முறையாக வெளிவந்தன.

கேட்டால் ஆள் மாறிவிடுவார். குழுவினரைக் கிண்டல் செய்கிறார். மாவு விளம்பரத்தை உற்சாகமாகப் படிக்கிறார். ஆட்ரி வந்து ஒரு பாட்டுப் பாடிவிட்டுப் போகிறார். பழைய பக்திப் பாட்டு ஒன்றை, நாலு பேர் குரல் சேர்த்து, வேறு எந்தத் தட்டிலும் பதியாத விதத்தில் பாடுகிறார்கள். காலை நேரத்து வேலைக்காரப் பாடகன், தன் தொழிலில் நூற்றுக்கு நூறு கெட்டிக்காரன். குடித்து விழுகிற காட்சியை எழுத எந்தப் புத்தகமும் உதவும். இந்த மனிதனை எழுத அந்தப் பதினைந்து நிமிடங்களைத்தான் கேட்க வேண்டும், டீ டாட்டிலிருந்து தொடங்க வேண்டும், ஃப்ரெட் ரோஸைப் பேட்டி நாற்காலியிலிருந்து எழுப்பிப் பியானோ முன்னால் உட்கார வைக்க வேண்டும்.